பழைய எக்ஸ்பி கம்ப்யூட்டரில் வில்லுப்பாட்டை ரெக்கார்ட் செய்ய முடியுமா?

தக்கலை வீட்டில் சும்மா கிடக்கும் 1 ஜிபி ராம் உள்ள விண்டோஸ் எக்ஸ்பி கம்ப்யூட்டரில், ஊர்க் கோயில் கொடையின் வில்லுப்பாட்டைப் பதிய பழைய மென்பொருள் போதுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

தாராளமாகப் போதும். 44.1 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் என்ற நல்ல ஒலித்தரத்தில் பதிந்தாலும் ஒரு மைக்குக்கு நிமிடத்துக்குச் சுமார் 8 எம்பிதான் ஆகும். ரிவெர்ப் (எதிரொலிபோல் முழங்க வைப்பது) போன்ற எஃபெக்டுகளை ஓடவிட்டால்தான் திணறும். அதை அப்புறம் வேறு கம்ப்யூட்டரில் பார்த்துக்கொள்ளலாம். ஆடாசிட்டி என்ற இலவச ரெக்கார்டிங் மென்பொருளின் 2.0 வரிசை எக்ஸ்பியில் ஓடும். புதியதைத் தேடி அலையாதீர்கள்.

பஃபரை, அதாவது கம்ப்யூட்டர் ஒலியை ஒரு தடவைக்குச் சேர்த்துவைத்துக் கையாளும் அளவை, 1024 சாம்பிளில் வையுங்கள். ஹெட்போனில் கேட்டால் 23 மில்லிசெகண்டுக்கு மேல் தாமதம் தெரியும். ஆனால் வில்லுக்காரர்களுக்கு ஹெட்போன் எதற்கு? எல்லோரும் ஒரே மேடையில் நேராகக் கேட்டுத்தானே பாடுகிறார்கள்! குடத்தில் விழும் அடி திடீரென்று எகிறும்; அதனால் ரெக்கார்டிங் மீட்டரில் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாதபடி அளவைக் குறைத்து வையுங்கள்.

சிக்கல் டிரைவரில்தான், அதாவது கருவியைக் கம்ப்யூட்டரோடு பேசவைக்கும் மென்பொருளில்தான். மைக்கைக் கம்ப்யூட்டரில் இணைக்கும் இன்றைய யுஎஸ்பி ஆடியோ பெட்டிகள் பலவற்றுக்கு எக்ஸ்பி டிரைவர் கிடையாது, கேட்டுவிட்டு வாங்குங்கள். எக்ஸ்பிக்கான பொதுவான பாதுகாப்பு ஆதரவு 2014-லேயே முடிந்துவிட்டது, இன்டர்நெட் இணைப்பு வேண்டாம். பழைய ஹார்ட் டிஸ்க்கை நம்பாமல், பதிந்த அன்றே பென்டிரைவில் ஒரு நகல் எடுத்துவிடுங்கள்.