குருதியில் இனம் எழுதப்பட்டிருக்கிறதா?

வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: எங்கள் பாடசாலை நூலகத்திலுள்ள பழைய பொது அறிவு நூலொன்று மனிதரைக் காகசோயிட், மங்கோலோயிட், நீக்ரோயிட் என மூன்றாகப் பிரிக்கிறது. அதை வாசித்த மாணவி ஒருத்தி, "ரீச்சர், நாங்கள் இதில் எது?" என்று கேட்டாள். என்னால் பதில் சொல்ல முடியவில்லை. இப்பிரிவைச் செய்தவர் யார்? இன்றும் அது ஏற்கப்படுகிறதா?
– ஆசிரியை, கல்முனை

பதில்: எதிலும் இல்லை என்று அந்த மாணவியிடம் தயங்காமல் சொல்லுங்கள். அந்தப் பிரிவை இன்றைய உயிரியல் கைவிட்டுவிட்டது. ஆயினும் அது எப்படி வந்தது என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் பிள்ளைக்கு விளங்கும்.

சுவீடன் நாட்டு இயற்கையியலாளர் கார்ல் லின்னேயஸ் 1735இல் தமது வகைப்பாட்டு நூலை வெளியிட்டபோது, செடிகொடிகளையும் விலங்குகளையும் வகுத்ததுபோல மனிதரையும் கண்டங்களின்படி நான்காக வகுத்தார். 1758இல் வந்த பத்தாம் பதிப்பில் அந்த நான்கு வகையினருக்கும் குணங்களையும் ஒட்டிவிட்டார். ஐரோப்பியர் சட்டத்துக்குக் கட்டுப்பட்டவர்கள், ஆசியர் அபிப்பிராயத்துக்குக் கட்டுப்பட்டவர்கள், ஆபிரிக்கர் மனம்போன போக்கில் நடப்பவர்கள் என்பது அவர் எழுதியது. பூக்களின் மகரந்தத் தாள்களை ஒவ்வொன்றாக எண்ணிச் செடிகளைப் பிரித்த ஒருவர், மக்களின் நடத்தையைப் பற்றி எழுதும்போது எதையும் எண்ணவுமில்லை, அளக்கவுமில்லை. அட்லாண்டிக் கடலில் அடிமைக் கப்பல்கள் ஓடிக்கொண்டிருந்த காலம் அது என்பதை மனதில் வைத்துக்கொண்டே அக்காலத்து நூல்களை நாம் படிக்க வேண்டும்.

அவருக்குப் பின் ஜேர்மனியின் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய புளுமென்பாக், 1781இல் மனிதரை ஐந்து வகையாக்கி, 1795இல் அவற்றுக்குப் பெயர்களும் சூட்டினார். 'காகசியர்' என்ற பெயரைப் பரப்பியவர் அவரே. தம் சேகரிப்பிலிருந்த மண்டையோடுகளுள் ஜோர்ஜியப் பெண் ஒருத்தியுடையதே மிக அழகானது என்று அவர் கருதியதால், அந்த நாட்டுக்கு அருகிலுள்ள காகசஸ் மலையின் பெயர் கோடிக்கணக்கான மக்களுக்குச் சூட்டப்பட்டது. ஆனால் அவருக்கு ஒரு நியாயம் செய்ய வேண்டும். ஒரு வகை இன்னொன்றோடு சிறிது சிறிதாகக் கலந்து போவதால் அவற்றுக்கிடையே திட்டமான எல்லைக்கோடு போட முடியாது என்று அவரே எழுதியிருக்கிறார். பின்வந்தவர்கள் பெயர்களை எடுத்துக்கொண்டு எச்சரிக்கையை விட்டுவிட்டார்கள். உங்கள் நூலகப் புத்தகத்திலுள்ள மூன்று பிரிவு, 1817இல் பிரான்சின் விலங்கியலாளர் குவியே செய்த பகுப்பிலிருந்து வளர்ந்தது.

அமெரிக்காவின் பிலடெல்பியாவில் சாமுவேல் மோர்டன் என்ற மருத்துவர் நூற்றுக்கணக்கான மண்டையோடுகளைச் சேர்த்து, அவற்றுக்குள் சிறு விதைகளை நிரப்பிக் கொள்ளளவைக் கணக்கிட்டு, 1839இல் நூலாக வெளியிட்டார்; பின்னர் ஈயக் குண்டுகளைக் கொண்டும் அளந்தார். அவரது அட்டவணையில் வெள்ளையர் மேலேயும் கறுப்பர் கீழேயும் இருந்தனர். அடிமை முறையை ஆதரித்தவர்கள் அந்த அட்டவணையை ஆவலோடு எடுத்துக்கொண்டார்கள். உடலின் பருமனுக்கேற்பத் தலையின் அளவும் மாறும் என்பதையோ, தலையின் கொள்ளளவைக் கொண்டு அறிவை அளக்க முடியாது என்பதையோ அவர்கள் பொருட்படுத்தவில்லை.

மாணவர்களுக்குச் சொல்ல ஏற்ற சான்று ஒன்று டார்வினிடம் இருக்கிறது. மனித இனங்கள் எத்தனை என்று தமக்கு முந்திய அறிஞர்கள் சொன்னவற்றை அவர் 1871இல் வரிசையாக எடுத்துக்காட்டினார்: ஒருவர் இரண்டு என்றார், ஒருவர் நான்கு என்றார், இன்னொருவர் இருபத்திரண்டு என்றார், மற்றொருவர் அறுபத்துமூன்று என்றார். உண்மையிலேயே தனித்தனியாகப் பிரிந்திருக்கும் பொருளை எண்ணினால் எண்ணிக்கை ஆளுக்கு ஆள் இவ்வளவு வேறுபடாது. பின்னர் பிரான்ஸ் போவாஸ் என்ற மானிடவியலாளர், அமெரிக்காவில் குடியேறியவர்களும் அவர்களது பிள்ளைகளுமாக ஏறக்குறைய 18,000 பேரை அளந்து, அங்கே பிறந்த பிள்ளைகளின் தலை வடிவம் பெற்றோருடையதிலிருந்து வேறுபடுவதை 1912இல் காட்டினார். மாறாதது என்று நம்பப்பட்ட தலையோடே ஒரு தலைமுறைக்குள் மாறியது. 1972இல் ரிச்சர்ட் லெவொன்டின் குருதிப் புரதங்களின் வேறுபாடுகளைக் கணக்கிட்டபோது, மனிதரிடையே உள்ள மரபியல் வேறுபாட்டில் சுமார் 85 சதவீதம் ஒரே மக்கட் குழுவுக்குள்ளேயே இருப்பதையும், 'இனங்கள்' எனப்பட்டவற்றுக்கு இடையில் 6 சதவீதமளவே இருப்பதையும் கண்டார். கல்முனையில் ஒரே வகுப்பில் அமர்ந்திருக்கும் பிள்ளைகளிடையே உள்ள வேறுபாடு, உலக வேறுபாட்டின் பெரும் பங்கு என்பதே இதன் பொருள்.

கேள்வி: சிங்களவர் ஆரியர், தமிழர் திராவிடர், முஸ்லிம்கள் அரபுக் குருதி உடையவர்கள் என்று மூன்று பக்கத்தாரும் சொல்லக் கேட்கிறோம். இவற்றில் எவ்வளவு உண்மை?
– வாசகர், அக்கரைப்பற்று

பதில்: ஆரியம், திராவிடம் இரண்டும் மொழிக் குடும்பங்களின் பெயர்கள். தென்னிந்திய மொழிகள் தனிக் குடும்பம் என்பதைச் சென்னையில் எல்லிஸ் 1816இலும், விரிவாகக் கால்டுவெல் 1856இலும் காட்டினர்; சிங்களம் வட இந்திய மொழிகளோடு உறவுடையது என்று இலங்கையில் ஜேம்ஸ் டி அல்விஸ் போன்றோர் 1860களில் வாதிட்டனர். இவை மொழி ஆராய்ச்சியில் உறுதியான முடிவுகள். ஒரே குடும்பத்து மொழியைப் பேசுவோர் ஒரே குருதியினர் என்று அடுத்த படிக்குத் தாவியபோதுதான் தவறு நேர்ந்தது. ஆரிய மொழிகளைப் பற்றி வாழ்நாளெல்லாம் எழுதிய மக்ஸ் முல்லரே 1888இல் இதைக் கடுமையாகக் கண்டித்தார். ஆரிய இனம், ஆரியக் குருதி என்று பேசும் இனவியலாளர், நீண்ட தலை உடைய அகராதி என்று பேசும் மொழியியலாளருக்கு ஒப்பான குற்றவாளி என்பது அவர் கருத்து. கண்டனம் எவர் காதிலும் ஏறவில்லை. மொழியை மக்கள் கற்கிறார்கள், மாற்றிக்கொள்கிறார்கள். இத்தீவின் பழங்குடியினரான வேடருள் வாகரைப் பக்கத்தவர் தமிழ் பேசுவது நம் கண்முன்னே உள்ள சான்று.

முஸ்லிம்களைப் பற்றிய வாதமும் அதே 1888இல்தான் சூடுபிடித்தது. சட்டசபையில் தமிழ்ப் பிரதிநிதியாக இருந்த பொன்னம்பலம் இராமநாதன், ரோயல் ஏசியாட்டிக் சங்கத்தின் இலங்கைக் கிளையில் படித்த கட்டுரையில், மொழி, வரலாறு, வழக்கங்கள், உடலமைப்பு ஆகியவற்றை ஆதாரமாகக் காட்டி, சோனகர் எனப்படும் இலங்கை முஸ்லிம்கள் இஸ்லாத்தைத் தழுவிய தமிழரே என்று முடிவுகட்டினார். அடுத்த ஆண்டு சோனகருக்குச் சட்டசபையில் தனி ஆசனம் கிடைத்தது. 1907இல் ஐ.எல்.எம். அப்துல் அஸீஸ் அரபு மூதாதையரை முன்னிறுத்தி மறுப்பு நூல் எழுதினார். இருவரும் கற்றவர்கள், இருவரிடமும் மெய்யான செய்திகள் உண்டு. ஆனால் ஆசனம் யாருக்கு என்ற அரசியல் வினாவுக்குக் குருதியிலிருந்து விடை தேடியதே அந்த வாதத்தின் கேடு என்பது என் உறுதியான கருத்து. ஒரு சமூகம் தன்னைத் தனிச் சமூகமாக உணர்வதற்கும் அதற்குரிய பிரதிநிதித்துவத்தைக் கேட்பதற்கும் மூதாதையரின் மூக்கு வடிவம் சாட்சி சொல்ல வேண்டியதில்லை.

அரபு வணிகர் இக்கரைகளில் மணம் செய்து குடும்பம் நடத்தியதும் உண்மை. அந்தக் குடும்பங்களில் தாய்மார் பெரும்பாலும் இந்நாட்டவரும் தென்னிந்தியருமாக இருந்ததும் உண்மை. இலங்கையில் இதுவரை நடந்த மரபணு ஆய்வுகளும் இத்தீவின் சமூகங்கள் தமக்குள்ளும் தென்னிந்தியரோடும் பெரிதும் கலந்திருப்பதையே காட்டுகின்றன.

நம் மாவட்டங்களில் இதற்கு ஆய்வுகூடம் தேவையில்லை. மட்டக்களப்பிலும் அம்பாறைக் கரையோரத்திலும் தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் குடிமுறை பொது. குடி தாய்வழியில் வருகிறது; கலியாணப் பேச்சுத் தொடங்கும்போதே குடி விசாரிக்கிறார்கள்; தாய்வழியில் ஒரே குடியைச் சேர்ந்த இருவர் மணம் செய்வதில்லை. வீடு மகளுக்குச் சீதனமாகப் போகிறது, மாப்பிள்ளை மனைவியின் வீட்டுக்குப் போகிறார். கோயிலில் குடியின் சார்பில் வண்ணக்கர் நிற்பதுபோலப் பள்ளிவாசலில் மரைக்கார் நிற்கிறார். தாய்வழிச் சொத்துரிமையைக் கூறும் முக்குவர் சட்டத்தைப் பற்றி 1876இலேயே பிரிட்டோ நூல் வெளியிட்டிருக்கிறார். பல தலைமுறைகளாக ஒருவரிடமிருந்து ஒருவர் பெண் கொண்டும், வழக்கம் கொண்டும், வயல் வரம்பைப் பகிர்ந்தும் வாழ்ந்தவர்களிடையே மட்டுமே இத்தனை பொருத்தங்கள் உருவாகும். இந்த உறவு நம் இரு சமூகங்களும் அண்மைக் காலத்தில் ஒருவருக்கொருவர் இழைத்த கொடுமைகளை இல்லாமற் செய்துவிடாது. அக்கொடுமைகளுக்குக் குருதியைக் காரணம் காட்ட முடியாது என்பதை மட்டும் அது நிறுவுகிறது.

கேள்வி: வேடர்களின் மண்டையோடுகளை வெள்ளையர் கொண்டுபோனார்கள் என்பது மெய்யா?
– வாசகர், வாகரை

பதில்: மெய். இலங்கை வேடர் மனித குலத்தின் ஆதி நிலையில் உறைந்து நிற்பவர்கள் என்ற எண்ணம் அன்றைய ஐரோப்பிய அறிஞரை ஆட்கொண்டிருந்தது. பெர்லினிலிருந்த ருடோல்ப் விர்கோ 1881இல் வேடரைப் பற்றி எழுதினார். சுவிற்சர்லாந்தின் பாசல் நகரத்துச் சாரசின் சகோதர முறையினர் பவுலும் பிரிட்சும் 1883 முதல் இலங்கையில் தங்கி, உயிரோடிருந்தவர்களை அளந்தும் படம் பிடித்தும், இறந்தவர்களின் எலும்புகளைச் சேகரித்தும், 1890களின் தொடக்கத்தில் பெரு நூலாக வெளியிட்டனர். புதைத்த உறவினரைத் தோண்டி எடுப்பதற்கு அந்தக் குடும்பங்களிடம் என்ன சொல்லியிருப்பார்கள் என்று எண்ணும்போது மனம் கொதிக்கிறது. ஸ்கொட்லாந்தின் எடின்பரோ பல்கலைக்கழகத்திலும் வேடர் மண்டையோடுகள் இருந்தன. அவற்றுள் ஒன்பதை அது 2019 நவம்பரில் வேடர் தலைவரிடம் திருப்பி ஒப்படைத்தது. உங்கள் பகுதியின் கடற்கரை வேடரைப் பற்றி 1911இல் செலிக்மன் தம்பதியர் எழுதிய நூலில் தனி அத்தியாயம் உண்டு.

கேள்வி: இனம் என்பது உயிரியலில் இல்லையென்றால், சில நோய்கள் சில இனத்தாருக்கு மட்டும் வருவது எப்படி?
– மருத்துவ மாணவி, மட்டக்களப்பு

பதில்: அரிவாளணுச் சோகை என்ற பரம்பரைக் குருதி நோயைப் பாருங்கள். அது கறுப்பரின் நோய் என்று அமெரிக்காவில் நெடுங்காலம் கற்பிக்கப்பட்டது. ஆனால் 1952இல் நீலகிரிப் பழங்குடியினரிடமும் அது கண்டறியப்பட்டது, கிரேக்கத்திலும் உண்டு. மலேரியா வலுவாக இருந்த இடங்களில் அந்த மரபணு பெருகியது, ஏனெனில் பெற்றோரில் ஒருவரிடமிருந்து மட்டும் அதைப் பெற்றவருக்கு மலேரியாவிலிருந்து ஓரளவு பாதுகாப்புக் கிடைக்கிறது. ஆபிரிக்காவிலும் மலேரியா இல்லாத பகுதிகளில் அது அரிது. நம் நாட்டில் தலசீமியா என்ற மற்றொரு பரம்பரைக் குருதி நோய் குருநாகல், அனுராதபுரப் பக்கங்களில் அதிகம் காணப்படுவதற்கும் மலேரியாவே காரணம். நோயாளியின் ஊரும் குடும்ப வரலாறும் மருத்துவருக்குப் பயன்படும். தோலின் நிறம் பெரும்பாலும் பயன்படாது. சிறுநீரகச் செயற்பாட்டைக் கணிக்கும் சூத்திரத்தில் கறுப்பின நோயாளிக்கென்று அமெரிக்கர் சேர்த்திருந்த தனிப் பெருக்கெண் 2021இல் நீக்கப்பட்டது. அந்தப் பெருக்கெண்ணால் அவர்களது சிறுநீரகம் உள்ளதைவிட நலமாக இருப்பதாகக் கணக்குக் காட்டி, சிறுநீரக மாற்றுச் சிகிச்சைக்கான வரிசையில் பலர் பிந்தியிருந்தார்கள்.

கேள்வி: என் தந்தை பறங்கியர், தாய் தமிழர். பிறப்புச் சான்றிதழிலுள்ள இனம் என்ற நிரலை முற்றாக எடுத்துவிட்டால் என்ன?
– வாசகர், மட்டக்களப்பு நகர்

பதில்: அந்த நிரலும் ஒரு காலத்தில் உண்டாக்கப்பட்டதே. 1871இல் எடுத்த முதலாவது குடிசன மதிப்பில் நீண்டு கிடந்த பட்டியல் 1881இல் சில பெரும் பிரிவுகளாகச் சுருங்கியது. இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் என்ற பிரிவு 1911இல் வந்தது. கொழும்பில் 1908இல் தொடங்கிய ஒல்லாந்தப் பறங்கியர் சங்கம் தந்தைவழி வம்சாவளியைக் கொண்டே உறுப்பினரை ஏற்றது. ஆண்வழியை எண்ணும் அந்தக் கணக்கில் நீங்கள் பறங்கியர். தாய்வழியை எண்ணும் மட்டக்களப்புக் குடிக் கணக்கில் உங்கள் தாயின் குடியைச் சேர்ந்தவர். ஒரே மனிதரை இரு ஏடுகள் இருவிதமாகப் பதிகின்றன.

இருந்தும் குடிசன மதிப்பிலிருந்து அந்த நிரலை நீக்குவதை நான் ஆதரிக்க மாட்டேன். எந்தச் சமூகத்துப் பிள்ளைகள் பாடசாலையை விட்டு இடைவிலகுகிறார்கள், எந்தச் சமூகத்தாரின் காணி பறிபோனது, அரச வேலையில் யார் குறைந்திருக்கிறார்கள் என்பதை எண்ணிக்கை இல்லாமல் நிறுவ முடியாது. இனம் உயிரியலில் இல்லாவிட்டாலும் இனத்தின் பெயரால் நடந்த கொலையும் இடப்பெயர்வும் நம் கிழக்கில் நடந்தவையே. தனிமனிதரின் சான்றிதழில் அது தேவைதானா என்பது வேறு விடயம். அங்கே அது விரும்பினால் எழுதுவதாக இருக்கலாம் என்பேன், இரண்டு மூன்று பெயர்களை எழுதவும் இடம் விடலாம்.

கேள்வி: கனடாவிலுள்ள என் மைத்துனர் உமிழ்நீர் அனுப்பிச் செய்த டி.என்.ஏ. சோதனையில் "தென்னிந்தியர் இத்தனை வீதம்" என்று வந்திருக்கிறது. இது இனத்துக்கான ஆதாரம் ஆகாதா?
– வாசகர், திருக்கோவில்

பதில்: ஆகாது. அந்த நிறுவனங்கள் தம்மிடமுள்ள மாதிரித் தொகுதிகளோடு உங்கள் மைத்துனரின் டி.என்.ஏ.யை ஒப்பிட்டு, எந்தத் தொகுதிக்கு எவ்வளவு ஒத்திருக்கிறது என்று மதிப்பிடுகின்றன. தொகுதிகளுக்குப் பெயர் வைப்பதும் அவர்களே. புதிய மாதிரிகள் சேரும்போது அதே உமிழ்நீருக்கு வீதம் மாறுகிறது, இன்னொரு நிறுவனத்துக்கு அனுப்பினால் வேறொரு வீதம் வருகிறது, உடன்பிறந்தவர்களுக்கே வெவ்வேறு வீதங்கள் வருவதுண்டு. நெருங்கிய உறவினரைக் கண்டுபிடிக்க அச்சோதனை நன்றாக உதவும். போரில் பிரிந்து வெவ்வேறு நாடுகளுக்குச் சிதறிய குடும்பம் உங்களுடையது என்றால், அந்தப் பட்டியலில் உறவினர் என்று காட்டும் பெயர்களை உங்கள் மைத்துனர் கவனமாகப் பார்க்கட்டும்.