எக்ஸ்² + 4 = 0: விடை எங்கே போனது?

கேள்வி: என் மகள் பத்தாம் வகுப்பு. எக்ஸ்² − 4 = 0 என்றால் 2, −2 என இரண்டு விடை வருகிறது. எக்ஸ்² + 4 = 0 என்றால் மட்டும் ‘மெய் மூலங்கள் இல்லை’, அதாவது மெய்யெண்களில் விடை இல்லை, என்று எழுதச் சொல்கிறார்கள். ஒரு குறிதானே மாறியது? ‘எல்லாம் பிளஸ்ஸாக இருந்தால் விடை கிடையாது, கணக்கே போட வேண்டாம்’ என்று டியூஷனில் சொன்னார்களாம். அப்படியே எழுதலாமா?
- ஒரு வாசகி, திருச்சி

பதில்: டியூஷன் விஷயத்துக்கு அப்புறம் வருகிறேன். முதலில் ஒரு தாளில் எக்ஸ் இருக்கும் இடத்தில் எந்த எண்ணையாவது போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். 3 போட்டால் 9 + 4 = 13. −3 போட்டாலும் அதே 13, மைனஸை மைனஸால் பெருக்கினால் பிளஸ்தானே. 0 போட்டால் 4. அதற்குக் கீழே இறங்கவே இறங்காது. 4-க்குக் குறையாத ஒன்று பூஜ்யமாவது எப்படி? எக்ஸ்² − 4 அப்படியல்ல. −4-இல் தொடங்கி இரு பக்கமும் ஏறுகிறது. ஏறும் வழியில் பக்கத்துக்கு ஒரு தடவை பூஜ்யத்தைத் தாண்டியாக வேண்டும், அதனால் இரண்டு விடை.

‘−2-இன் வர்க்கம் கால்குலேட்டரில் −4 என்று வந்ததே’ என்று பிள்ளை வாதாடலாம். அடைப்புக்குறி இல்லாமல் −2² என்று தட்டியிருப்பாள். சயன்டிஃபிக் கால்குலேட்டர் 2-ஐ வர்க்கமாக்கிவிட்டு முன்னால் மைனஸைப் போடும். (−2)² என்று தட்டினால் 4.

இப்போது அந்த ‘எல்லாம் பிளஸ்’ ஷார்ட்கட். இதை அட்டையில் அச்சடித்துக் காசுக்கு விற்பவர்களையும் பார்த்திருக்கிறேன். தயவுசெய்து வாங்காதீர்கள். எக்ஸ்² + 5எக்ஸ் + 6 = 0. எல்லாம் பிளஸ்தான். −2 போடுங்கள்: 4 − 10 + 6 = 0. −3 போடுங்கள்: 9 − 15 + 6 = 0. ஷார்ட்கட்படி எழுதிய பிள்ளைக்கு மதிப்பெண் போச்சு! எக்ஸ் மைனஸ் எண்ணாகும்போது நடுவில் உள்ள 5எக்ஸும் மைனஸாகி மொத்தத்தைக் கீழே இழுக்கிறது. எக்ஸ்² + 2எக்ஸ் + 6-இல் அந்த இழுப்பு போதவில்லை. −1 போட்டால் 1 − 2 + 6 = 5, அதுதான் தரை. நடு உறுப்பே இல்லாத கணக்கில் மட்டும்தான் ஷார்ட்கட் எப்போதும் பலிக்கும், அதை அட்டையில் போடுவதில்லை.

இழுப்பு போதுமா என்று சொல்வதுதான் தன்மைக்காட்டி, அதாவது பி² − 4ஏசி (ஏ என்பது எக்ஸ்²-இன் கெழு, பி என்பது எக்ஸின் கெழு, சி என்பது தனி எண்). எக்ஸ்² + 5எக்ஸ் + 6-இல் 25 − 24 = 1, விடை உண்டு. எக்ஸ்² + 2எக்ஸ் + 6-இல் 4 − 24 = −20, இல்லை. இதைச் சொல்லித்தர ஐந்து நிமிடம் போதும். நம் வகுப்புகளிலோ சூத்திரத்தைப் பத்து தடவை எழுதச் சொல்வார்கள், எதற்கு என்று கேட்டால் ‘போர்ஷன் முடிக்கணும்’ என்பார்கள்.

நடுவில் மைனஸ் இருந்தால் தப்பித்தோம் என்றும் நினைக்க வேண்டாம். 10-ஐ இரண்டாகப் பிரி, பெருக்கினால் 40 வர வேண்டும். இத்தாலியக் கணித அறிஞர் கார்டானோ 1545-இல் வெளியிட்ட கணக்கு இது. எக்ஸ்² − 10எக்ஸ் + 40 = 0 என்று வரும். 4-ஐயும் 6-ஐயும் பெருக்கினால் 24, 5-ஐயும் 5-ஐயும் பெருக்கினால் 25, அதுதான் உச்சம். 40-க்கு எங்கே போவது? அவர் விடாமல் −15-இன் வர்க்கமூலத்தை வைத்து விடை எழுதிவிட்டு, நுட்பமானதுதான், ஆனால் பயனற்றது என்று தானே சொல்லிக்கொண்டார். மைனஸ் எண்ணின் வர்க்கமூலத்தையும் சேர்த்துக்கொள்ளும் அந்தப் பயனற்றதைத்தான் கலப்பெண்கள் என்று உங்கள் மகள் பன்னிரண்டாம் வகுப்புக் கணிதத்தில் படிக்கப்போகிறாள். எனவே விடைத்தாளில் வெறுமனே ‘விடை இல்லை’ என்று எழுத வேண்டாம். முதலில் தன்மைக்காட்டியைக் கணக்கிட்டு, அதன் கீழே ‘மெய் மூலங்கள் இல்லை’ என்று எழுதச் சொல்லுங்கள். ‘மெய்’ விட்டுப்போகக் கூடாது.