'தி பாய்' இரண்டாம் பாகத்தில் பொம்மைக்குள் பேயைக் கொண்டுவந்தது சரியா?

முதல் பாகம் பார்க்காதவர்கள் இங்கேயே நிறுத்திக்கொள்ளுங்கள். இரண்டு படத்தின் முடிச்சையும் அவிழ்க்காமல் இதற்குப் பதில் சொல்ல வழியில்லை.

என்னைக் கேட்டால், சரியில்லை. 2016இல் வந்த முதல் படத்தின் பலமே அதில் பேய் இல்லாததுதான். வயதான தம்பதி ஒரு பீங்கான் பொம்மையைத் தங்கள் மகன் பிராம்ஸ் என்று சொல்லி, அதைப் பார்த்துக்கொள்ள கிரேட்டாவை வேலைக்கு வைக்கிறார்கள். பொம்மை இடம் மாறுகிறது, குழந்தைக் குரல் கேட்கிறது. பேய்தான் என்று நாம் முடிவுகட்டிய பிறகு பொம்மை உடைகிறது, சுவருக்குள்ளிருந்து முகமூடி போட்ட ஓர் ஆள் வருகிறான். இத்தனை வருடமும் அங்கேயே ஒளிந்து வாழ்ந்த நிஜ பிராம்ஸ்!

இது தெரிந்து இரண்டாவது முறை பார்த்தபோதுதான் எனக்கு உதறல் எடுத்தது. கிரேட்டா பயந்து அறைக்குள் பூட்டிக்கொள்வாள். கதவுக்கு வெளியே அவளுக்கென்று ஒரு சாண்ட்விச் இருக்கும். முதல் தடவை 'அட, பாசக்காரப் பொம்மை' என்று நினைத்தேன். அப்புறம்தான் உறைத்தது: வளர்ந்த ஆண் ஒருவன் அவள் என்ன சாப்பிடுகிறாள் என்று ஒளிந்திருந்து கவனித்து, தன் கையால் ரொட்டியில் தடவி வைத்திருக்கிறான்.

2020இல் வந்த 'பிராம்ஸ்: தி பாய் 2' இதையெல்லாம் துடைத்துப்போட்டது. பொம்மைக்குள்ளேயே ஏதோ குடியிருக்கிறதாம், அதை வைத்திருந்த குடும்பங்களை அழித்ததாம். அப்படியானால் சுவருக்குள் இருந்தவனும் பொம்மை ஆட்டிவைத்த இன்னொரு ஆள், அவ்வளவுதான். இத்தனைக்கும் இயக்குநர் அதே வில்லியம் பிரெண்ட் பெல், கதாசிரியர் அதே ஸ்டேசி மெனியர். வேறு யாரோ வந்து கெடுத்தார்கள் என்றும் சொல்ல முடியாது.

நல்ல வழி கையிலேயே இருந்ததுதான் எரிச்சல். வீட்டுக்குள் புகுந்தவர்கள் தாயைத் தாக்கியதைப் பார்த்த சிறுவன் ஜூட், பேசுவதையே நிறுத்திவிடுகிறான். எதையும் நோட்டில் எழுதித்தான் காட்டுவான். காட்டில் தோண்டியெடுத்த பொம்மையிடம் மட்டும் ரகசியமாகப் பேசுகிறான். பேய் பொம்மையில் இருக்கிறதா, பையனின் மனதிலா என்று கடைசிவரை இழுத்திருக்கலாம். ஆனால் யாரும் பார்க்காதபோது பொம்மையின் கண் அசைவதை நமக்குக் காட்டிவிடுகிறார்கள். கேட்டி ஹோம்ஸ் பாவம், குழம்பித் தவிக்கும் தாயாக உயிரைக் கொடுத்து நடிக்கிறார். நமக்கோ விடை முன்னாலேயே தெரியும்.

கிளைமாக்ஸில் பொம்மையின் முகத்தை உடைத்தால் உள்ளே அழுகிய உருவம் ஒன்று. சரி, முதல் படத்தில் இதே பொம்மை சுக்குநூறாக உடைந்ததே, அப்போது இது எங்கே இருந்தது? தெரிந்தவர்கள் கருத்தில் சொல்லுங்கள்.