நீண்ட நாள் உறவு முறிந்த பிறகு அவர் நினைவு வராமல் இருக்க என்ன செய்வது?

நினைக்காமல் இருக்கும் முயற்சியை முதலில் விட்டுவிடுங்கள். 'வேற வேலையைப் பாரு, அந்த ஆளை நினைக்காதே' என்று எனக்கும் வீட்டிலும் ஆபீசிலும் சொல்லாதவர் இல்லை. டேனியல் வெக்னர் என்ற அமெரிக்க உளவியலாளர் 1987இல் இதைச் சோதித்தே பார்த்திருக்கிறார். வெள்ளைக் கரடியை நினைக்கக் கூடாது, மீறி நினைத்தால் மணி அடிக்க வேண்டும் என்று சிலரிடம் சொன்னார். மணி அடித்துக்கொண்டுதான் இருந்தது. அது மட்டுமில்லை, தடையை எடுத்த பிறகு அவர்களுக்குத்தான் கரடி நினைப்பு அதிகம், ஆரம்பத்திலிருந்தே நினைக்கலாம் என்று விடப்பட்டவர்களைவிட.

இதே வெக்னர் 1985இல் இன்னொன்றும் சொன்னார். சேர்ந்து வாழும் இருவர் ஞாபகத்தையும் பங்கு போட்டுக்கொள்கிறார்கள். பெரும்பாலும் பேசி முடிவு செய்வதில்லை, தானாக அமைந்துவிடுகிறது. பிரியும்போது நம் ஞாபகத்திலேயே ஒரு பங்கு அவரோடு போய்விடும்.

படித்தபோது சுருக்கென்றது. எங்கள் வீட்டில் பிறந்தநாள், சிலிண்டர் புக் பண்ணும் தேதி, மாமியார் மாத்திரை எல்லாம் என் கணக்கு. வழி, கடை, ஊர்ப்பெயர் என் கணவர் கணக்கு. விவாகரத்துக்குப் பிறகு தோழிகளோடு குன்னூர் போகும்போது மங்குஸ்தான் வாங்க புர்லியாறில் இறங்கினோம். நானும் அவரும் வழக்கமாக வாங்கிய கடை எதுவென்று எனக்குத் தெரியவில்லை. அந்தக் கடைக்காரம்மா பேசிய பேச்செல்லாம் நினைவிருக்கிறது, எந்தக் கடை என்பது மட்டும் அவர் தலையில் இருக்கிறது. போன் பண்ணிக் கேட்கவா முடியும்? (சிலிண்டர் தேதியை அவர் யாரிடம் கேட்கிறாரோ!)

அவர் திரும்பி வர வேண்டும் என்ற ஆசை எனக்குத் துளியும் இல்லை, பட்டது போதும். ஆனால் 'அன்னைக்கு மழையில வண்டி நின்னுச்சே, அது எந்த இடம்?' என்று கேட்டால் பதில் சொல்லக்கூடியவர் அவர் ஒருவர்தான். என் மனம் தேடுவது அந்தப் பதிலை. உங்களுக்கும் நினைவு வரும்போது, தேடுவது ஆளையா, இதைப்போல ஒன்றையா என்று கவனித்துப் பாருங்கள். என்னைக் கேட்டால், இரண்டாவது என்று தெரிந்தாலே பாதி பயம் போய்விடும். 'இன்னும் விரும்புகிறேனோ' என்று குழம்ப வேண்டியதில்லை.

அப்புறம், போனைச் சரி செய்யுங்கள். கூகுள் போட்டோஸ் பழைய படங்களைத் தானாக எடுத்துக் காட்டும். அதன் 'நினைவுகள்' அமைப்பில் குறிப்பிட்ட முகத்தையும் தேதியையும் மறைக்கலாம், படம் அழியாது. கல்யாணத் தேதியையும் சேர்த்தே மறைத்துவிடுங்கள். முகத்தை மட்டும் மறைத்தால் மண்டபம், பந்தி, சித்தி சித்தப்பா என்று மிச்சப் படங்கள் வந்து நிற்கும்.