வேதியியல் வாத்தியார் பதில்கள்: நேரத்தை வளைக்கும் தனிமம் உண்டா?

கேள்வி: பக்கத்தில் வைத்துக்கொண்டாலே நேரம் மெதுவாக ஓடுமாம். அப்படி ஓர் அபூர்வ தனிமத்தை ரகசியமாகப் பதுக்கி வைத்திருக்கிறார்கள் என்று, பிளஸ் டூ படிக்கும் என் மகன் ஏதோ வீடியோவைக் காட்டிச் சாதிக்கிறான். உண்மையா சார்?
– வாசகி, திண்டுக்கல்

பதில்: இல்லை அம்மா. பையனிடம், "அதன் அணு எண் என்னடா?" என்று மட்டும் கேளுங்கள், வாயடைத்துப் போவான். புரோட்டான்களின் எண்ணிக்கைதான் தனிமத்தின் அடையாளம். ஹைட்ரஜனுக்கு 1, ஹீலியத்துக்கு 2 என்று 118 வரை ஒரு நாற்காலிகூடக் காலியில்லை. 26-க்கும் 27-க்கும் நடுவே இருபத்தாறரை என்று ஒன்று ஒளிந்திருக்க முடியாது. புதிதாக வந்தால் 119-லிருந்துதான் வர வேண்டும். 118-ஆம் ஆளான ஓகனெசானே ஏறக்குறைய ஒரு மில்லிவினாடியில் சிதைந்துவிடுகிறது. இதுவரை உண்டாக்கியதும் விரல்விட்டு எண்ணக்கூடிய சில அணுக்கள்தான். நேரத்தை நீட்டுவது இருக்கட்டும், தனக்கே நேரம் இல்லாத ஆசாமி அது.

நேரம் மெதுவாக ஓடுவது நிஜம்தான். ஆனால் அதைச் செய்பவை வேகமும் ஈர்ப்பும். ஈர்ப்பு குறைவான உயரத்தில் சுற்றும் ஜிபிஎஸ் செயற்கைக்கோளில் இருக்கும் கடிகாரம் தரையில் இருப்பதைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோவினாடி முந்துகிறது. அதைத் திருத்திக்கொண்டுதான் உங்கள் போன் வழி சொல்கிறது. கடிகாரத்துக்குள் இருக்கும் அணு சீசியமா ருபிடியமா என்பதைப் பொறுத்து இந்தக் கணக்கு மாறாது.

அதற்காகப் பையனை ஒரேயடியாக மட்டம் தட்டிவிடாதீர்கள். கழுத்துச் செயினைக் காட்டுங்கள். தங்கத்தின் அணுக்கருவில் 79 புரோட்டான்கள். அந்த இழுப்பில், உள்ளே இருக்கும் எலெக்ட்ரான்களின் வேகம் ஒளியின் வேகத்தில் பாதியைத் தாண்டிவிடுகிறது. வேகம் கூடினால் நேரம் மாறும் என்ற ஐன்ஸ்டீனின் சார்பியல் கணக்கு அங்கே வந்து நுழைகிறது. அதனால்தான் தங்கம் நீல ஒளியை விழுங்கிவிட்டு மஞ்சளாகத் தெரிகிறது. இல்லாவிட்டால் அதுவும் வெள்ளி மாதிரி வெளுத்துத்தான் இருந்திருக்கும். அப்போது பவுன் என்ன விலை விற்றிருக்குமோ!

கேள்வி: தண்ணீர் ஊற்றுவதற்கு முன்பே கரைந்துவிடும் 'தயோடிமோலின்' என்ற பொருளை அமெரிக்காவில் கண்டுபிடித்திருப்பதாக வாட்ஸ்அப்பில் வந்ததே?
– வாசகர், கோவை

பதில்: அடடா, என் செல்லக் கதையைக் கேட்டுவிட்டீர்கள். 1947-ல் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ஒரு மாணவர் முனைவர் பட்ட ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார். அவர் கையாண்ட கேட்டெகால் என்ற பொருளின் படிகங்கள் தண்ணீரைத் தொட்ட மாத்திரத்தில் காணாமல் போகும். 'இன்னும் கொஞ்சம் வேகமாகக் கரைந்தால், தண்ணீர் படுவதற்கு முன்பே கரைந்துவிடுமோ?' என்று அவருக்குக் குறும்பாகத் தோன்றியது. அட்டவணை, வரைபடம், இல்லாத இதழ்களிலிருந்து மேற்கோள் என்று அச்சு அசல் ஆய்வுக்கட்டுரை மாதிரியே எழுதிவிட்டார். அதன்படி தயோடிமோலின், தண்ணீர் விழுவதற்கு 1.12 வினாடி முன்பே கரையும். எழுதியவர், அறிவியல் புனைகதைகளுக்குப் பேர்போன ஐசக் அசிமோவ். அது தனிமம்கூட அல்ல, சேர்மம். அதுவும் கற்பனைச் சேர்மம்.

புனைபெயரில் போடுங்கள் என்று பத்திரிகை ஆசிரியரிடம் கேட்டிருந்தார். 1948 மார்ச்சில் சொந்தப் பெயரிலேயே வெளிவந்துவிட்டது. சில வாரங்களில் வாய்மொழித் தேர்வு. பேராசிரியர்கள் இதைப் படித்திருந்தால் பட்டம் போச்சு என்று மனுஷன் நடுங்கிப்போனார். தேர்வின் கடைசியில் ஒரு பேராசிரியர், தயோடிமோலினின் வெப்ப இயக்கவியல் பண்புகளைப் பற்றிச் சொல்லுங்கள் என்று முகம் மாறாமல் கேட்டாராம். அசிமோவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. ஃபெயிலாக்க நினைப்பவர்கள் இப்படி விளையாட மாட்டார்களே! பட்டம் கிடைத்துவிட்டது.

ஆனால் ஒன்று. தயோடிமோலினை நான் 31 வருஷம் கண்ணால் பார்த்திருக்கிறேன், எங்கள் பள்ளி ஆய்வகத்தில். பெர்மாங்கனேட் டைட்ரேஷன் நாளன்று பியூரெட்டைக் கழுவியிருக்கவே மாட்டார்கள். கூம்புக் குடுவையில், சோதனை முடிந்ததைக் காட்டும் இளஞ்சிவப்பு எட்டிப் பார்த்திருக்காது. ரெக்கார்டு நோட்டில் மட்டும் 20.1, 20.1, 20.1 என்று அளவு வந்து உட்கார்ந்திருக்கும். "ஏம்ப்பா, இன்னும் பிப்பெட்டையே எடுக்கலையே?" என்றால், "அண்ணன் நோட்டுல இருந்தது சார்" என்பான்.

கேள்வி: எங்கள் ஊருக்குப் பக்கத்தில் ஒருவரிடம் இடி விழுந்த பழைய கலசம் இருக்கிறது. அதில் இரிடியம் இருக்கிறதாம். காலத்தையே கட்டுப்படுத்தும் சக்தி உண்டு, வெளிநாட்டில் கோடிக்கணக்கில் வாங்குவார்கள் என்கிறார். அரிசியை அது இழுத்ததை நேரிலேயே பார்த்தேன். 3 லட்சம் முன்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா?
– பெயர் வேண்டாம், விருதுநகர் மாவட்டம்

பதில்: கொடுக்காதீர்கள் ஐயா. இரிடியம் அரிசியை இழுக்காது. அது காந்த உலோகமே அல்ல. ஸ்பார்க் பிளக் முனையில்கூட இருக்கிறது. நீங்கள் பார்த்தது, இரும்புத்தூள் ஏற்றிய அரிசியும் கலசத்துக்குள் மறைத்து வைத்த காந்தமும். சந்தேகம் இருந்தால் உங்கள் வீட்டு அடுக்களையிலிருந்து ஒரு பிடி அரிசி கொண்டுபோய் நீட்டுங்கள். ரேஷன் அரிசியே போதும். "இன்றைக்கு நாள் சரியில்லை" என்று ஆரம்பிப்பார்.

இரிடியத்துக்கும் காலத்துக்கும் உறவே இல்லை என்றும் சொல்ல மாட்டேன். இத்தாலியில் கூபியோ என்ற ஊருக்கு அருகே, பாறைக்கு நடுவில் விரல் தடிமனில் ஒரு களிமண் அடுக்கு இருக்கிறது. அதில் இரிடியம் வழக்கத்தைவிடப் பல மடங்கு அதிகம். 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் விழுந்த விண்கல்தான் அதைக் கொண்டுவந்தது என்று அல்வாரெஸ் என்ற விஞ்ஞானியின் குழு 1980-ல் எழுதியது. டைனோசர்கள் ஒழிந்த கதை அப்படித்தான் தெரியவந்தது. அந்தக் களிமண்ணுக்கு முன்பணம் கேட்பார் யாருமில்லை.

ஒருவேளை ஏற்கெனவே பணம் கொடுத்துவிட்டு என்னைக் கேட்கிறீர்கள் என்றால், வெட்கப்படாமல் போலீஸ் ஸ்டேஷனுக்குக் கிளம்புங்கள். இழுத்த அரிசியில் நாலு மணி கையில் இருந்தால் அதையும் பொட்டலம் கட்டி எடுத்துக்கொள்ளுங்கள்.