டிஃபால்ட்டில் தள்ளுபடி: வாசகர் கேள்விகளுக்கு வழக்கறிஞர் பதில்

கே: என் கிரய ஒப்பந்த வழக்கு டிஃபால்ட்டில், அதாவது ஆஜராகாததால், தள்ளுபடி ஆகிவிட்டது. புதிதாகப் போடலாமா? (திண்டுக்கல்)

ப: எதிர்த்தரப்பு அன்று ஆஜரா இல்லையா? அதை விட்டுவிட்டு மீதிக் கதையை நான்கு பக்கம் எழுதியிருக்கிறீர்கள். இருவருமே வரவில்லை என்றால், காலவரம்பு மிச்சமிருந்தால் புது வழக்கே போடலாம். பிரதிவாதி வந்து நீங்கள் மட்டும் வரவில்லை என்றால் அது உரிமையியல் நடைமுறைச் சட்டம், ஆணை 9, விதி 8. புது வழக்குக்கு வழியில்லை; விதி 9-ல் மனுப் போட்டுப் பழையதையே கோப்புக்கு எடுக்க வேண்டும். கெடு 30 நாள். தள்ளுபடி ஆன தேதியிலிருந்து, உங்கள் காதுக்கு எட்டிய தேதியிலிருந்து அல்ல.

கே: வக்கீல் வாய்தா தேதியே சொல்லவில்லை. ஒன்றரை வருடம் கழித்துத்தான் தெரிந்தது. மெடிக்கல் சர்ட்டிஃபிகேட் தயார். போதுமா? (தஞ்சாவூர்)

ப: எதற்குத் தயார்? வக்கீல் சொல்லாதது காரணமா, உங்கள் உடம்பு காரணமா? இரண்டையும் ஒரே பிரமாணப் பத்திரத்தில் போட்டால் இரண்டும் நிற்காது. தமிழ்நாட்டில் கெடு தாண்டியதற்குத் தாமத மன்னிப்பு மனு போடுகிறவர்களில் பாதிப் பேருக்கு மஞ்சள் காமாலை. நாட்டு மருந்து சாப்பிட்டுப் படுக்கையில் இருந்தார்களாம். நீதிபதிகள் சிரிப்பதைக்கூட நிறுத்திவிட்டார்கள். எதிர்த்தரப்பு உங்களைக் கூண்டில் ஏற்றி, 'அந்த மாதம் பத்திர ஆபீசில் கையெழுத்துப் போட்டீர்களா?' என்று ஒரு கேள்வி கேட்டால் முடிந்தது.

உண்மையை எழுதுங்கள். வக்கீல் வராததற்குக் கட்சிக்காரர் தண்டனை அனுபவிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-ல் ரஃபீக் வழக்கில் சொன்னதைத்தான் எல்லோரும் தூக்கி வருகிறார்கள். ரஃபீக் வக்கீலை வைத்து, ஃபீஸ் கொடுத்து, தன்னால் ஆனதையெல்லாம் செய்த கிராமத்துக்காரர். நீங்கள் ஒன்றரை வருடத்தில் ஒரு போன் செய்தீர்களா? செய்திருந்தால் அதைச் சொல்லுங்கள், பலன் உண்டு. இனியாவது உங்கள் வழக்குக்கு உரிய தனி எண்ணான சி.என்.ஆர். எண்ணை வாங்கி, இ-கோர்ட்ஸ் செயலியில் மாதம் ஒரு முறை பாருங்கள். காசு கிடையாது.

கே: செக் வழக்கில் நான் போகாததால் எதிரி விடுதலை. அதே மாஜிஸ்திரேட்டிடம் திரும்பக் கேட்கலாமா? (ஈரோடு)

ப: முடியாது. விடுதலை என்றால் விடுதலைதான். மேல்முறையீடு ஒன்றே வழி. இப்போதைய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-இன் 279-ம் பிரிவு, புகார்தாரர் ஆஜராக 30 நாள் அவகாசம் கொடுத்துவிட்டுத்தான் விடுதலை செய்யச் சொல்கிறது. அது கொடுக்கப்பட்டதா என்று உத்தரவு நகலில் பாருங்கள்.

கே: பண டிக்ரி (பணம் தரச் சொன்ன தீர்ப்பாணை) 2016-ல். இ.பி. (அதை நிறைவேற்றக் கேட்கும் மனு) டிஃபால்ட்டில் போய்விட்டது. (கரூர்)

ப: புது இ.பி. போடுங்கள். டிக்ரிக்கு 12 வருடம் உயிர். 2028 வரை இருக்கிறதே என்று தூங்காதீர்கள்.

கே: தண்டனையை எதிர்த்த அப்பீலை, வக்கீல் வரவில்லை என்பதற்காகவே தள்ளலாமா? (வேலூர்)

ப: கூடாது. பானி சிங் வழக்கு, 1996. கோப்பைப் படித்துத் தகுதியின் பேரில்தான் முடிக்க வேண்டும்.

கே: மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் நான் போகாமல் மனு தள்ளுபடி. (நாகர்கோவில்)

ப: தள்ளிய ஆணையமே திரும்ப எடுக்காது. மாநில ஆணையத்தில் அப்பீல், 45 நாள். இதையும் உத்தரவுத் தேதியிலிருந்தே எண்ணுங்கள்.