போலீஸ் விசாரணை சரியில்லையா? கோர்ட்டில் என்ன கேட்கலாம்

மதுரை மாவட்டக் கோர்ட்டில் குற்ற வழக்குகள் நடத்தும் வக்கீல் நான். சமீபத்தில் வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில்.

மேலூர்: தோட்டத்து மோட்டார் திருடு போய் மூன்று வாரம் ஆச்சு சார். சி.எஸ்.ஆர். ரசீது மட்டும் கொடுத்தார்கள். எஃப்.ஐ.ஆர். போடவில்லை.

சி.எஸ்.ஆர். என்பது மனு வாங்கிக்கொண்டதற்கான ரசீது, அவ்வளவுதான். பிடிவாரண்டு இல்லாமலே கைது செய்யக்கூடிய குற்றம் என்று புகாரிலேயே தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும் என்று லலிதா குமாரி வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. குற்ற வழக்கு நடைமுறைக்கான புதுச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்., சில குற்றங்களுக்கு டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் முதற்கட்ட விசாரணைக்கு இடம் கொடுக்கிறது. உங்களுக்கு அந்தக் கெடுவும் தாண்டிவிட்டது.

புகாரை எஸ்.பி.க்கு ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். அதற்கும் அசையாவிட்டால் எஃப்.ஐ.ஆர். போட்டு விசாரிக்க உத்தரவிடக் கேட்டு, மேலூர் மாஜிஸ்திரேட்டிடம் அதே சட்டத்தின் 175(3) பிரிவில் மனு, கூடவே பிரமாணப் பத்திரம். (பழைய சட்டத்தின் 156(3)தான், 2024 ஜூலை 1 முதல் நம்பர் மாறிவிட்டது.) தபால் ரசீதைத் தொலைத்துவிடாதீர்கள். எஸ்.பி.யிடம் போனீர்களா என்று கோர்ட்டில் கட்டாயம் கேட்பார்கள்.

செல்லூர்: எஃப்.ஐ.ஆர். போட்டு ஐந்து மாதம். இன்ஸ்பெக்டர்தான் மாறுகிறார், கேஸ் நகரவில்லை. ஹைகோர்ட்தான் போகணுமா அண்ணே?

ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை இருக்கும் ஒத்தக்கடைக்குப் பஸ் ஏறும் முன் மாஜிஸ்திரேட்டைப் பாருங்கள். விசாரணை ஒழுங்காக நடக்கிறதா என்று கவனிக்கும் அதிகாரம் அவருக்கே உண்டு. சகிரி வாசு வழக்கில் 2007-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியாகிவிட்டது. விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்று 90 நாளுக்குள் போலீஸ் உங்களுக்குத் தெரிவிக்க வேண்டும். தெரிவிக்காததையும் மனுவில் எழுதுங்கள். ஆனால் இன்னாரைப் பிடித்து உள்ளே போடு என்றெல்லாம் கோர்ட் சொல்லாது.

திருமங்கலம்: சி.பி.ஐ. கேட்கலாமா?

மாஜிஸ்திரேட்டால் முடியாது. ஹைகோர்ட்டும் உச்ச நீதிமன்றமும்தான் உத்தரவிட முடியும், அதுவும் அபூர்வமாக.

உசிலம்பட்டி: தம்பி சாவு கேஸை 'எம்.எஃப்.' என்று முடித்து நோட்டீஸ் கொடுத்திருக்கிறார்கள்.

எம்.எஃப். என்றால் நடந்ததைத் தவறாகப் புரிந்துகொண்டு கொடுத்த புகார் என்று போலீஸ் முடிவு கட்டிவிட்டது. முடிவு அவர்களுடையது, ஏற்பதும் ஏற்காததும் மாஜிஸ்திரேட் கையில். புகார்தாரரைக் கேட்காமல் அவரும் ஏற்கக் கூடாது (பகவந்த் சிங் வழக்கு, 1985). எதிர்ப்பு மனு போடுங்கள். அதில் அழுகை வேண்டாம். எந்தச் சாட்சியை விசாரிக்கவில்லை, எந்தக் கடை கேமராவைப் பார்க்கவில்லை, எந்த நம்பரின் போன் அழைப்புப் பட்டியலை வாங்கவில்லை என்று வரிசையாக எழுதுங்கள். அதைப் பார்த்து மேல்விசாரணைக்கு உத்தரவிட மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் உண்டு.

என்னிடம் ஒரு அம்மா வந்தார். மகன் கேஸ் முடிந்த நோட்டீஸில், முதியோர் பென்ஷன் தாள் என்று நினைத்துக் கையெழுத்துப் போட்டிருந்தார். ஏழு மாதம் அது அரிசி டப்பாவுக்குள் கிடந்தது. உங்களுக்கு அப்படி ஆகவில்லை, நல்லவேளை.

கல்லூரி மாணவி, மதுரை: கோர்ட் கண்காணிப்பெல்லாம் பேப்பரில்தானே சார்?

தூத்துக்குடி மாவட்டம் சாத்தான்குளம் போலீஸ் ஸ்டேஷன் வழக்கைப் பாரும்மா. 2020 ஜூனில், அந்த ஸ்டேஷனில் அடிபட்டிருந்த தந்தையையும் மகனையும் ஜெயிலுக்கு அனுப்பும் ரிமாண்ட் உத்தரவைப் போட்டதும் ஒரு மாஜிஸ்திரேட்தான். இருவரும் இறந்த பின் ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை தானாக வழக்கை எடுத்து, கோவில்பட்டி மாஜிஸ்திரேட்டை அந்த ஸ்டேஷனுக்கே அனுப்பியது. அவருக்கு அங்கே ஒத்துழைப்பு இல்லை என்றதும், ஸ்டேஷனை வருவாய்த்துறை கட்டுப்பாட்டில் கொண்டுவரச் சொன்னது. சி.பி.ஐ. வரும்வரை காத்திருக்காமல் மாநிலப் போலீஸின் தனிப் புலனாய்வுப் பிரிவான சி.பி.சி.ஐ.டி.யை இறக்கியது. கேமராப் பதிவைத் தேடினால், ஹார்டு டிஸ்க்கில் ஒரு டெராபைட் இடம் இருந்தும் அன்றன்றைக்கே அழியும்படி செட்டிங் வைத்திருந்தார்கள். ஸ்டேஷனில் இருந்த ஒரு பெண் தலைமைக் காவலர் துணிந்து வாய் திறந்ததால்தான் இருவரும் அடிபட்ட இரவு நடந்தது கோவில்பட்டி மாஜிஸ்திரேட் அறிக்கையில் ஏறியது.

மறுபடியும் மேலூர்: வக்கீலுக்குக் கொடுக்கக் காசில்லை சார்.

15100-க்குப் போன் போடுங்கள், இலவச சட்ட உதவி. மேலூர் கோர்ட்டிலேயே வட்ட சட்டப் பணிகள் குழுவைக் கேளுங்கள். போகும்போது எஸ்.பி.க்கு அனுப்பிய அந்தத் தபால் ரசீதை எடுத்துக்கொண்டு போங்கள்.